நூடிபிராங்கியா: ஒரு பெயரின் இருநூறு ஆண்டுகள்

வெப்பக் கடல்களின் பவளப் பாறைகளிலும் குளிர்ந்த கடல்களின் கற்பாறை இடுக்குகளிலும் வாழ்ந்து, வளர்ந்த நிலையில் ஓடே இல்லாமல், பெரும்பாலும் கண்ணைப் பறிக்கும் நிறங்களோடு காணப்படும் ஒருவகைக் கடல் நத்தைகளுக்கு விலங்கியலார் வழங்கும் வரிசைப் பெயர் நூடிபிராங்கியா என்பதாகும். வரிசை என்பது உயிரினப் பகுப்பில் குடும்பத்துக்கு மேலும் வகுப்புக்குக் கீழும் நிற்கும் படிநிலை. இந்த வரிசையில் இதுவரை ஏறத்தாழ 3000 சிற்றினங்கள் விவரிக்கப்பட்டுள்ளன. பெயரின் முற்பகுதியான 'நூடுஸ்' இலத்தீனில் மூடப்படாதது, ஆடையற்றது என்று பொருள்படும். பிற்பகுதியான 'பிராங்கியா' கிரேக்கத்தில் செவுள்களைக் குறிக்கும். ஆகவே பெயரின் நேர்ப்பொருள் மூடப்படாத செவுள்களை உடையவை என்பதே. காண்போர் அனைவரும் முதலில் வியக்கும் நிறத்தைப் பற்றியோ, நத்தையாகப் பிறந்தும் ஓடு இல்லாதிருக்கும் விந்தையைப் பற்றியோ இப்பெயர் ஒன்றும் சொல்வதில்லை. மூச்சுவிடும் உறுப்பு ஒன்றையே அது சுட்டுகிறது. அதையும் தன்னைச் சுமக்கும் உயிர்களில் பெரும்பகுதிக்குப் பொருந்தாத வகையில் சுட்டுகிறது. அப்படிப்பட்ட பெயர் இருநூறு ஆண்டுகளாக எப்படி நிலைபெற்றது என்பதை அறிய, அது பிறப்பதற்கு முன்னிருந்த குழப்பத்திலிருந்து தொடங்க வேண்டும்.

சுவீடன் நாட்டு இயற்கையியலாளர் லின்னேயஸ் 1758ஆம் ஆண்டு வெளியிட்ட 'சிஸ்டமா நாச்சுரே' நூலின் பத்தாம் பதிப்பே இன்றைய விலங்குப் பெயரீட்டின் தொடக்கப் புள்ளியாகக் கொள்ளப்படுகிறது. முதுகெலும்பும் கால்களும் இல்லாத உயிர்களைப் பெரும்பாலும் 'வெர்மிஸ்', அதாவது புழுக்கள், என்னும் ஒரே வகுப்பில் அடக்கிய லின்னேயஸ், அவ்வகுப்பைப் பல வரிசைகளாகப் பகுத்தபோது ஓடுள்ளவற்றை 'டெஸ்டேசியா' என்றும், ஓடற்ற மெல்லுடல் கொண்டவற்றை 'மொல்லஸ்கா' என்றும் பிரித்தார். இன்று நத்தை, சங்கு, சிப்பி, கணவாய் அனைத்தையும் குறிக்கும் மொல்லஸ்கா என்ற சொல், அன்று ஓடுள்ள நத்தையை விலக்கி, ஓடற்ற நத்தையோடு விண்மீன் உயிரியையும் சொறிமீனையும் சேர்த்துக் குறித்தது என்பதே அக்காலப் பகுப்பின் நிலையைக் காட்டப் போதுமானது. தோட்டத்து நத்தையும் அதன் ஓடற்ற உறவினமும் இரு வேறு வரிசைகளில் கிடந்தன. கடலின் ஓடற்ற நத்தைகள் புழுக்களோடும் சொறிமீன்களோடும் கலந்திருந்தன.

உறவுமுறையில் குழப்பம் இருந்தாலும் பெயர் சூட்டுவதில் லின்னேயஸுக்குத் தயக்கம் இருக்கவில்லை. முதுகில் செவுள்கள் மலர்போல் விரிந்திருக்கும் கடல் நத்தைக்கு அவர் 'டோரிஸ்' என்று பேரினப் பெயர் இட்டார். டோரிஸ் கிரேக்கப் புராணத்தில் கடற்கிழவன் நீரியஸின் மனைவி. நீரியட்கள் எனப்படும் ஐம்பது கடற்கன்னியரின் தாய். மிதக்கும் கடற்பாசிகளில் ஒட்டி வாழும் மற்றொன்று 'சில்லேயா' ஆயிற்று. பின்வந்த பதிப்பொன்றில் கடற்பெண் தெய்வமான தீத்திஸின் பெயரும் இடம்பெற்றது. கடற்பஞ்சு போன்றவற்றைத் தின்று வாழும் விரல்நீள உயிர்களுக்குத் தெய்வப் பெயர்களை வாரி வழங்கிய இந்த வழக்கம் அடுத்த தலைமுறையிலும் தொடர்ந்தது. கேப்டன் குக்கின் இரண்டாம் கடற்பயணத்தில் உடன்சென்ற ஃபார்ஸ்டர் 1777இல் விவரித்த, கடற்பரப்பில் தலைகீழாக மிதக்கும் நீல நிற உயிருக்குக் கடல் தெய்வமாகிய கிளாக்கஸின் பெயரே கிட்டியது. அழகுணர்வு இப்பெயர்களில் உண்டு. பகுப்புக்கு உதவும் செய்தி எதுவும் இல்லை. பிராகா நகரப் பேராசிரியர் போஹாட்ஷ் 1761இல் வெளியிட்ட நூல் கடல் உயிர்களின் உடலமைப்பைக் கூர்ந்து நோக்கியதாயினும், அதில் வரும் பெயர்களைப் பிற்காலப் பெயரீட்டு ஆணையம் ஏற்றுக்கொள்ளவில்லை.

இந்நிலையை மாற்றியவர் பிரெஞ்சு உடற்கூறியலாளர் ஜார்ஜ் கூவியே. 1788 முதல் 1795 வரை நார்மண்டியில் ஒரு பிரபுக் குடும்பத்தில் ஆசிரியராக இருந்த காலத்தில், பாரிஸின் புரட்சிக் கொந்தளிப்பு எட்டாத அந்தக் கடற்கரையில் கிடைத்த மெல்லுடலிகளை அறுத்துப் பார்த்து வரைந்துவந்த கூவியே, 1795இல் பாரிஸ் வந்தவுடன் லின்னேயஸின் புழு வகுப்பைக் கலைத்துப் புதிய பகுப்பு ஒன்றை முன்வைத்தார். ஓடு இருப்பதும் இல்லாததும் புறத் தோற்றம் மட்டுமே என்றும், இதயம், நரம்பு மண்டலம், மூச்சுறுப்பு ஆகியவற்றின் அமைப்பே உறவைக் காட்டும் என்றும் அவர் கொண்டதால், ஓடற்ற கடல் நத்தைகள் முதன்முறையாக ஓடுள்ள நத்தைகளின் இனத்தாராக ஏற்கப்பட்டன. வயிற்றுப்புறத் தசையைக் காலாகக் கொண்டு ஊர்வதால் வயிற்றுக்காலிகள் என்று இவ்வகுப்புக்குப் பெயரிட்டவரும் அவரே.

1817இல் வெளியான 'விலங்குப் பேரரசு' என்னும் பெருநூலில் கூவியே வயிற்றுக்காலிகளை வரிசைகளாகப் பகுக்கச் செவுளையே அளவுகோலாகக் கொண்டார். ஓர் உறுப்பின் அமைப்பு மற்றெல்லா உறுப்புகளின் அமைப்போடும் இயைந்தே இருக்கும் என்பது அவருடைய அடிப்படைக் கோட்பாடு. மூச்சும் குருதியோட்டமும் உயிர்வாழ்வின் மையமாதலால், செவுள் எங்கே, எவ்வாறு அமைந்துள்ளது என்று கண்டால் ஏனையவற்றை ஊகிக்கலாம் என்று அவர் நம்பினார். அதன்படி செவுள்கள் முதுகின்மேல் திறந்து நிற்பவை நூடிபிராங்குகள். உடலின் விளிம்புக்கு அடியில் இருப்பவை கீழ்ச்செவுளிகள். மேலுறையால் பாதி மூடப்பட்டவை மூடுசெவுளிகள். சீப்பு வடிவினவை சீப்புச்செவுளிகள். காற்றை நேரடியாக உட்கொள்பவை நுரையீரலிகள் என்று வரிசைகள் அமைந்தன. எனவே நூடிபிராங்கு என்ற சொல் தனித்துப் பிறந்த விவரணை அன்று. ஒரே கேள்விக்குரிய பல விடைகளுள் ஒன்றாக, உடன்பிறந்த சொற்களின் வரிசையில் நின்றபோதுதான் அதற்கு முழுப் பொருள் இருந்தது. அந்த உடன்பிறப்புகள் ஒவ்வொன்றாக வழக்கொழிந்தபின் இச்சொல் மட்டும் தனித்து நின்றது. கூவியே பிரெஞ்சில் எழுதிய சொல்லைப் பின்வந்தோர் இலத்தீன் வடிவாக்கி நூடிபிராங்கியா என்றனர். ஆசிரியராகக் கூவியேயின் பெயரும் ஆண்டாக 1817உம் இன்றும் அதனோடு குறிக்கப்படுகின்றன.

பெயர் பொருந்தாமை தொடக்கத்திலேயே இருந்தது. டோரிஸ் வகையினவற்றின் முதுகின் பின்பகுதியில், மலவாயைச் சுற்றி, இறகு போன்ற செவுள்கள் வட்டமாக எழுந்து நிற்பதால் பெயர் அவற்றுக்குச் சரியே. ஆனால் அவற்றிலும் பல, தொட்டவுடன் செவுள் முழுவதையும் தோலுக்கடியில் உள்ள குழிக்குள் இழுத்துக்கொள்பவை. பிற்காலத்தார் அவற்றை 'கிரிப்டோபிராங்கியா', அதாவது மறைசெவுளிகள், என்று வேறுபடுத்தியதால், திறந்த செவுளிகளுள் மறைசெவுளிகள் என்ற முரணான உட்பிரிவு ஒன்று உருவாயிற்று. ஏயோலிட் எனப்படும் மற்றொரு பெரும்பிரிவுக்கோ செவுளே கிடையாது. அவற்றின் முதுகை நிறைத்திருக்கும் விரல் போன்ற நீட்சிகளுக்கு 'செரட்டா' என்று பெயர். அவற்றின் தோல் வழியாகவே மூச்சு நடைபெற்றாலும், உள்ளே ஓடுவது செரிமானச் சுரப்பியின் கிளைகள். நீட்சிகளின் நுனியில் இந்த நத்தைகள் தின்ற கடற்சாமந்தி போன்றவற்றின் கொட்டும் அணுக்கள் செரிக்கப்படாமல் சேமிக்கப்பட்டுப் பாதுகாப்புக்குப் பயன்படுகின்றன என்பதைக் கிராஸ்வெனர் 1903இல் நிறுவினார். கூவியே தாமே 1797இல் பெயரிட்ட 'ஃபில்லிடியா' பேரினமோ செவுள்கள் உடல் விளிம்புக்கு அடியில் இருப்பதால் 1817இல் கீழ்ச்செவுளிகளின் வரிசைக்குச் சென்றது. இன்று அது நூடிபிராங்கியாவுக்குள்ளேயே இருக்கிறது. ஆக, செவுள் திறந்திருப்பவை, மறைப்பவை, அடியில் வைத்திருப்பவை, அறவே இல்லாதவை ஆகிய நால்வகையும் இன்று இந்த ஒரே பெயரின்கீழ் உள்ளன.

இச்சொல் ஆங்கில வழக்கில் வேரூன்றியதற்கு நியூகாசில் நகரத்து இருவரின் உழைப்பே முதற்காரணம். வணிகத்திலிருந்து ஓய்வுபெற்ற யோசுவா ஆல்டரும், வழக்கறிஞர் தொழிலுக்குப் பயின்று அதை விட்டுவந்த ஆல்பனி ஹான்காக்கும் சேர்ந்து பிரித்தானியக் கடற்கரையின் நூடிபிராங்குகள் பற்றி எழுதிய பெருநூலை ரே சங்கம் 1845 முதல் 1855 வரை பகுதி பகுதியாக வெளியிட்டது. உயிருள்ள விலங்கைக் கடல்நீர்ப் பாத்திரத்தில் வைத்துப் பார்த்து வரையப்பட்ட அதன் வண்ணத் தகடுகளுக்கு இணையானவை அதற்குமுன் இல்லை. பின்னும் நெடுங்காலம் வரவில்லை. சாராயத்தில் இட்ட சில நாள்களில் இவ்வுயிர்களின் நிறம் முழுவதும் கரைந்துபோய், வடிவமும் சுருங்கி, ஒன்றை மற்றொன்றிலிருந்து பிரித்தறிய இயலாத வெளிறிய கட்டியாகிவிடும் என்பதால், உயிரோடு வரைந்த படம் இத்துறையில் அலங்காரமாக அல்லாமல் சான்றாகவே நின்றது. பெயரில் நிறம் இடம்பெற்றதும் இவர்கள் வழியாகத்தான். 1855இல் இவர்கள் அமைத்த 'குரோமோடோரிஸ்' என்னும் பேரினப் பெயர், நிறத்தைக் குறிக்கும் கிரேக்கச் சொல்லை லின்னேயஸின் கடற்பெண்ணோடு இணைத்தது. அந்நிறங்கள் பலவும், கடற்பஞ்சுகளைத் தின்று அவற்றின் நச்சுப்பொருளை உடலில் சேர்த்துக்கொண்ட நத்தை, தன்னைத் தின்ன வரும் மீனுக்குக் காட்டும் எச்சரிக்கை என்பது பின்னரே தெளிவாயிற்று.

இந்தியாவுக்கும் இலங்கைக்கும் இப்பெயர் வந்து சேர்ந்ததும் அதே காலத்தில்தான். அமராவதிச் சிற்பங்களை அகழ்ந்தெடுத்தவராகவும் தென்னிந்திய நாணயங்களை ஆராய்ந்தவராகவும் அறியப்படும் சென்னை மாகாண அதிகாரி வால்டர் எலியட், விசாகப்பட்டினத்தை அடுத்த வால்டேர் கடற்கரையில் ஓடற்ற கடல் நத்தைகளையும் சேகரித்தார். வண்ணப் படங்களோடு நியூகாசிலுக்குச் சென்ற அச்சேகரிப்பை ஆல்டரும் ஹான்காக்கும் ஆராய்ந்து 1864இல் லண்டன் விலங்கியல் சங்கத்தின் வெளியீட்டில் விவரித்தனர். அதில் அவர்கள் அமைத்த புதிய பேரினங்களுள் ஒன்றின் பெயர் 'கலிங்கா'. 'கலிங்கா ஓர்னாட்டா' என்னும் சிற்றினம் அந்தக் கரைக்குரிய பழம்பெயரை இன்றும் உலகெங்கும் சுமந்து திரிகிறது. கிரேக்கத் தெய்வங்கள் நிறைந்த பட்டியலில் ஓர் இந்திய நிலப்பெயர் பேரினமாகவே நின்றது அரிய நிகழ்வு. விண்மீன் உயிரிகளின் உறவினமான நொய்விண்மீன்களை இரையாக்குவதால் இது உணவிலும் தன் இனத்தாரிலிருந்து வேறுபட்டது.

எலியட்டின் சேகரிப்பு அச்சேறுவதற்குச் சில ஆண்டுகள் முன்பே, இலங்கையில் பிறந்த மருத்துவர் எட்வர்ட் பிரெடெரிக் கெலார்ட் திருகோணமலைக் கடலில் கண்ட நூடிபிராங்குகளை 1858இலும் 1859இலும் விவரித்திருந்தார். முத்துச்சிப்பியின் இயல்பை ஆராயுமாறு அரசு அவரைப் பணித்திருந்தமையால் கடலோரத்தில் நெடுநாள் தங்கும் வாய்ப்பு அவருக்குக் கிடைத்தது. மன்னார் முத்துக்குளிப்பின் வருவாய்க்காக நடந்த அரசுப் பணியின் பக்கவிளைவாகவே இலங்கையின் கடல் நத்தைகள் அறிவியலில் இடம்பெற்றன என்று கூறுவது மிகையாகாது. 'சிலோனிக்கா', 'சைலானிக்கா' என இலங்கையின் பெயர் தாங்கிய சிற்றினங்கள் அவருடையவை. வெண்ணிற உடலில் கருவளையங்கள் கொண்ட ஒன்றுக்கு, துக்கத்தைக் குறிக்கும் இலத்தீன் சொல்லால் 'ஃபூனெப்ரிஸ்' என்று அவர் 1859இல் இட்ட பெயர் இன்று 'ஜோருன்னா ஃபூனெப்ரிஸ்' என வழங்குகிறது. அதிலிருந்து 2000ஆம் ஆண்டு பிரித்தெடுக்கப்பட்ட, புற்றணுக்களை எதிர்க்கும் வேதிப்பொருளுக்குப் பேரினப் பெயரையொட்டி ஜோருமைசின் என்று பெயர் வைக்கப்பட்டது.

கெலார்ட்டின் விவரணைகள் சுருக்கமானவை. அவற்றைக் கொண்டு மட்டும் இனங்காண்பது கடினம். அந்தச் சிக்கலை அவிழ்த்தவர் சர் சார்லஸ் எலியட் என்னும் தூதர். கிழக்கு ஆப்பிரிக்காவில் பிரித்தானிய ஆணையராகவும், ஷெஃபீல்ட், ஹாங்காங் பல்கலைக்கழகங்களில் துணைவேந்தராகவும், பின்னர் ஜப்பானில் தூதராகவும் விளங்கிய இவர், இந்து, பௌத்த சமயங்களின் வரலாற்றை மூன்று தொகுதிகளாக எழுதியவரும் ஆவார். கெலார்ட்டின் படங்களையும், நியூகாசிலின் ஹான்காக் அருங்காட்சியகத்தில் இருந்த ஆல்டர், ஹான்காக் சேகரிப்புகளையும் பார்வையிட்டு, தென்னிந்தியாவும் இலங்கையும் சார்ந்த நூடிபிராங்குகள் பற்றி 1906இல் அவர் எழுதிய கட்டுரை, இன்றும் இப்பகுதி ஆய்வாளர்கள் தொடங்கும் இடமாக உள்ளது. கெலார்ட் 1860இலும் சார்லஸ் எலியட் 1931இலும் இங்கிலாந்து நோக்கிச் சென்ற கப்பலிலேயே இறந்தனர் என்பது தற்செயலான ஒற்றுமை. பின்னாளில் சென்னையிலும் மண்டபத்திலும் நடந்த ஆய்வுகளால் 1952இல் 'அடையாரென்சிஸ்' என்றும் 1960இல் 'மன்னாரென்சிஸ்' என்றும் இப்பகுதியின் இடப்பெயர்கள் சிற்றினப் பெயர்களாயின.

ஐரோப்பாவில் இதற்கிடையே செவுள் தன் அரியணையை இழந்துகொண்டிருந்தது. ஏயோலிட்களின் கிளைத்த குடலே குருதிக் குழாய்களின் வேலையைச் செய்கிறது என்று 1840களில் கத்ரஃபாஜ் வாதிட, சூலேயே அதை மறுக்க, பாரிஸில் எழுந்த பூசல் பல ஆண்டுகள் நீடித்தது. கத்ரஃபாஜின் கருத்து தோற்றாலும், செரிமானச் சுரப்பியின் வடிவம் செவுளைவிட நம்பத்தக்க அடையாளம் என்ற எண்ணம் அதனால் வலுப்பெற்றது. கோபன்ஹேகனில் பால்வினை நோய் மருத்துவராகப் பணியாற்றி, அங்குள்ள மருத்துவமனை ஒன்றுக்குத் தம் பெயரையே விட்டுச்சென்ற ருடால்ஃப் பெர்க், எண்ணற்ற நூடிபிராங்குகளை அறுத்துப் பார்த்தபின், 1890களின் தொடக்கத்தில் சுரப்பி முழுமையானவை, சுரப்பி கிளைத்தவை என அவற்றை இரண்டாகப் பகுத்தார். செவுளின் பெயர் தாங்கிய வரிசை இவ்வாறு கல்லீரலை ஒத்த ஓர் உறுப்பின் அடிப்படையில் பிரிக்கப்பட்டது. ஓட்னர் 1930களில் அமைத்த நான்கு துணைவரிசைகள் அந்நூற்றாண்டின் இறுதிவரை பாடநூல்களில் ஆட்சி செலுத்தின.

மில்ன்-எட்வர்ட்ஸ் 1848இல் அமைத்த 'ஒபிஸ்தோபிராங்கியா' என்னும் பெரும்பிரிவின் கதை இதற்கு நேர்மாறானது. செவுள் இதயத்துக்குப் பின்னால் இருப்பவை என்ற பொருளில் கடல் முயல்களையும் நூடிபிராங்குகளையும் பிறவற்றையும் ஒன்றாக்கிய அப்பெயர், 2010ஐ ஒட்டி வெளிவந்த மரபணு ஆய்வுகள் அந்தக் கூட்டம் ஒரே மூதாதையின் வழித்தோன்றல்கள் அனைத்தையும் கொண்டதன்று என்று காட்டியபின் முறையான பகுப்பிலிருந்து விலக்கப்பட்டது. அதே ஆய்வுகளில் நூடிபிராங்கியாவோ ஒரே மூதாதையின் கொடிவழி என்று உறுதியாயிற்று. கூவியேயின் அளவுகோல் தவறானது. அவர் சேர்த்த கூட்டத்தின் மையமோ சரியானது. 2012இல் குரோமோடோரிஸ் பேரினம் மரபணுச் சான்றின்படி உடைக்கப்பட்டுப் பல சிற்றினங்கள் வேறு பேரினங்களுக்கு மாற்றப்பட்டபோதும் வரிசைப் பெயர் அசையவில்லை.

அசையாமைக்குச் சட்டக் காரணமும் உண்டு. விலங்குகளின் அறிவியற் பெயர்களை ஆளும் பன்னாட்டு விதித்தொகுப்பின் 18ஆம் விதி, பொருள் பொருந்தவில்லை என்ற காரணத்துக்காக ஒரு பெயரைத் தள்ளலாகாது என்கிறது. மேலும் அவ்விதித்தொகுப்பின் ஆட்சி சிற்றினம், பேரினம், குடும்பம் ஆகிய நிலைகளோடு முடிந்துவிடுவதால், வரிசைப் பெயர்கள் ஆய்வாளர்களின் வழக்காற்றினால் மட்டுமே நிற்கின்றன. விதி காக்காத இடத்தில் வழக்கே காத்த பெயர் இது. விக்டோரியா காலத்து நூல்களில் 'நூடிபிராங்கியேட்' என்று உரிச்சொல்லாக நீண்டிருந்தது, பின்னர் 'நூடிபிராங்க்' என்ற பெயர்ச்சொல்லாகக் குறுகி, நீர்மூழ்கி நிழற்படக் கலை பரவியபின் மூழ்குவோர் பேச்சில் 'நூடி' என்றாகிவிட்டது. செவுள் சொல்லிலிருந்தே உதிர்ந்துவிட்டது.

ஆங்கிலத்தில் இவற்றுக்கு வழங்கும் 'சீ ஸ்லக்' என்ற பொதுப்பெயர் தமிழ்க் கரைக்கு ஒரு சிக்கலையும் கொண்டுவந்தது. பத்தொன்பதாம் நூற்றாண்டு வணிக ஆவணங்களில் அதே ஆங்கிலச் சொல், சீனத்துக்கு உலர்த்தி ஏற்றுமதியான கடல் அட்டையைக் குறித்தது. கடல் அட்டை முட்தோலிகளைச் சேர்ந்தது. நத்தையோடு அதற்கு உறவில்லை. ஆங்கிலச் சொல்லை நோக்கித் தமிழில் எழுதுவோர் வண்ணக் கடல் நத்தைகளையும் கடல் அட்டை என்று குறித்துவிடும் இடர் இதனால் எழுகிறது. 2001 முதல் இந்தியாவில் கடல் அட்டையைப் பிடிப்பது வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தால் தடைசெய்யப்பட்டிருக்க, இராமநாதபுரக் கரை மீனவர்களின் வாழ்வோடு பின்னிய அச்சொல்லை வேறோர் உயிருக்கு மாற்றி வழங்குவது வெறும் சொற்பிழையாக நின்றுவிடாது. பொதுமக்களுக்கான எழுத்தில் ஓடில்லாக் கடல் நத்தை என்பது போதும். அது கடல் முயலையும் உள்ளடக்கும் என்ற தளர்ச்சி அங்கே பொறுக்கத்தக்கதே. வரிசையைத் துல்லியமாகக் குறிக்கவேண்டிய இடத்தில், திறந்த செவுள் என்று மொழிபெயர்த்துக் கூவியேயின் பிழையைத் தமிழிலும் புதிதாக நடுவதைவிட, நூடிபிராங்கியா என்று ஒலிபெயர்த்து எழுதுவதே தக்கது.